மூன்றில் ஒரு ஆளுக்கு எத்தனை காசு?

சீனாவில் ஹான் வம்சக் காலத்தில் தொகுக்கப்பட்ட ‘கணிதக் கலையின் ஒன்பது அத்தியாயங்கள்’ நூலில் மொத்தம் 246 கணக்குகள். வயல் அளப்பதைச் சொல்லும் முதல் அத்தியாயத்தில் 17-ஆவது கணக்கு ரொம்ப சாது. 7 பேர் 8⅓ காசைப் பங்கு போட்டால் ஆளுக்கு எவ்வளவு? அடுத்ததில்தான் நான் அப்படியே நின்றுவிட்டேன். 3⅓ பேர், 6⅓ காசையும் ¾ காசையும் பங்கு போட்டுக்கொள்கிறார்கள். ஆளுக்கு எவ்வளவு?

அதென்ன மூன்றில் ஒரு ஆள்? நூல் அதற்கு ஒரு விளக்கமும் தருவதில்லை, நேரே விடைக்குப் போய்விடுகிறது: 2⅛ காசு.

போட்டுப் பார்ப்போம். காசு மொத்தம் 7 1/12, அதாவது பன்னிரண்டில் 85. ஆட்கள் பன்னிரண்டில் 40. இரண்டும் ஒரே அளவுத் துண்டாகிவிட்டதால் பகுதியை மறந்துவிடலாம், 85-ஐ 40-ஆல் வகுத்தால் போதும். பகுதிகளைச் சமமாக்கிவிட்டு வகு என்பதுதான் அந்த நூலின் வழி. நம்ம பள்ளிக்கூடத்து ‘தலைகீழாக்கிப் பெருக்கு’ இந்தியாவில் பிரம்மகுப்தர் 628-இல் எழுதிய நூலிலேயே இருக்கிறது. வேகமான வழிதான், மறுக்கவில்லை. ஆனால் ஏன் தலைகீழாக்குகிறோம் என்று அது வாயைத் திறப்பதில்லை. சீன வழியில் காரணம் கண்ணெதிரே கிடக்கிறது.

இந்த வித்தியாசம் சின்ன விஷயமில்லை. லிப்பிங் மா 1999-இல் வெளியிட்ட நூலில், 1¾ ÷ ½ என்பதற்கு ஒரு கதை சொல்லுங்கள் என்று ஆசிரியர்களிடம் கேட்டிருக்கிறார். அமெரிக்க ஆசிரியர்கள் 23 பேரில் ஒரே ஒருவர்தான் சரியாகச் சொன்னார். சீன ஆசிரியர்கள் 72 பேரில் 65 பேர் சொல்லிவிட்டார்கள். தவறியவர்களில் பலர் சொன்னது, இருப்பதை இரண்டு பேருக்குச் சமமாகப் பிரிக்கும் கதை. அது 2-ஆல் வகுப்பது, ½-ஆல் வகுப்பதல்ல. விதி தெரிந்தும் கதை வரவில்லை என்றால், எந்தக் கணக்கில் எதை வகுக்கணும் என்று எப்படித் தெரியும்?

இங்கேதான் அந்த மூன்றில் ஒரு ஆள் கைகொடுக்கிறார். அவருக்குக் கிடைப்பது 17/24 காசுதான். ஆனால் கேள்வி அவர் பங்கு பற்றியதே இல்லை, ‘முழு ஆளுக்கு எவ்வளவு’ என்பதுதான் கேள்வி. வகுத்தல் என்றாலே பிரித்துக் குறைப்பது என்று நினைத்துக்கொண்டிருந்தால் இது பிடிபடாது.

நமக்கு இது புதுசும் இல்லை, பஸ்ஸில் அரை டிக்கெட் எடுத்தவர்கள்தானே நாம். அரை டிக்கெட் ஒன்றே முக்கால் ரூபாய்னா முழு டிக்கெட் எவ்வளவு? மூன்றரை. 1¾ ÷ ½-க்கு மா கேட்ட கதை இதுதான்.