ஓவியர் சங்கர்

கே. சி. சிவசங்கரன் (1924 - செப்டம்பர் 29, 2020) தமிழகத்தைச் சேர்ந்த ஓவியர். சங்கர் என்ற பெயரில் சிறுவர் இதழான அம்புலிமாமாவில் ஏறத்தாழ அறுபது ஆண்டுகள் கதைகளுக்குப் படம் வரைந்தார். விக்கிரமாதித்தன் வேதாளத்தைத் தோளில் சுமந்து செல்லும் ஓவியம் இவரது படைப்புகளில் மிகவும் அறியப்பட்டதாகும்.

வாழ்க்கை

இவர் அன்றைய கோயம்புத்தூர் மாவட்டத்தில், தாராபுரம் பகுதியில் உள்ள காரத்தொழுவு என்னும் சிற்றூரில் பிறந்தார். காரத்தொழுவு சந்திரசேகரன் சிவசங்கரன் என்பது முழுப்பெயர். சிறுவயதிலேயே குடும்பத்துடன் சென்னைக்குக் குடிபெயர்ந்தார். பள்ளிப்படிப்பிற்குப் பின் சென்னை அரசு ஓவியப் பள்ளியில் பயின்றார். மெரினா கடற்கரையின் உழைப்பாளர் சிலையை வடித்த தேவி பிரசாத் ராய் சௌத்ரி அப்போது அப்பள்ளியின் முதல்வராக இருந்தார். 1946 இல் கலைமகள் இதழில் ஓவியராகப் பணியில் சேர்ந்தார்.

அம்புலிமாமாவில்

நாகி ரெட்டியும் சக்கரபாணியும் சூலை 1947 இல் தெலுங்கில் சந்தமாமா என்றும் தமிழில் அம்புலிமாமா என்றும் தொடங்கிய இதழில் சங்கர் 1952 இல் இணைந்தார். சித்ரா, எம். டி. வி. ஆச்சார்யா, வட்டாதி பாப்பையா ஆகியோர் அவ்விதழின் பிற புகழ்பெற்ற ஓவியர்கள்.

இவ்விதழ் பிற்காலத்தில் சமசுகிருதம் உட்படப் பன்னிரண்டுக்கும் மேற்பட்ட மொழிகளில் வெளிவந்தது. மொழிக்கு மொழி எழுத்து மட்டுமே மாறும், படம் மாறாது. ஆகவே சென்னையில் வரையப்பட்ட ஓர் அரசனின் முகத்தையே ஒடிசாவின் சிறுவனும் மகாராட்டிரத்தின் சிறுமியும் கண்டனர். கதையை எழுதியவர் யாரென்று அறியாத வாசகர்களும் படத்தின் ஓரத்தில் இருந்த 'சங்கர்' என்ற கையொப்பத்தை அறிந்திருந்தனர். கதையின் ஏறக்குறைய எல்லாப் பக்கங்களிலும் படம் இருக்கும் என்பதால், எழுத்துக்கூட்டிப் படிக்கும் குழந்தை கூடப் படங்களின் துணையுடன் கதையைப் பின்தொடர இயலும். அரண்மனைத் தூண், கோயில் மண்டபம், காட்டு மரம், அணிகலன் என ஒவ்வொன்றையும் சங்கர் நுணுக்கமான கோடுகளால் வரைந்தார். வண்ணத்தை விட இக்கோடுகளே இவரது வலிமை எனலாம்.

விக்கிரமாதித்தனும் வேதாளமும்

வேதாளக் கதைகள் பழமையானவை. 11 ஆம் நூற்றாண்டில் சோமதேவர் இயற்றிய கதாசரித்சாகரத்தில் இருபத்தைந்து கதைகள் இடம்பெற்றுள்ளன. அம்புலிமாமா அந்தச் சட்டகத்தை மட்டும் வைத்துக்கொண்டு, பல ஆண்டுகளாகப் புதுப்புதுக் கதைகளை அதில் பொருத்தி வெளியிட்டது. கதை ஒவ்வொரு மாதமும் மாறியது. மாறாதிருந்தது மன்னன் பிணத்தைச் சுமந்து சுடுகாட்டு வழியே நடக்கும் தொடக்கக் காட்சியே. கையில் வாளுடன், அச்சமோ சலிப்போ இல்லாத முகத்துடன் நடக்கும் மன்னனைச் சங்கர் வரைந்தார். அடுத்த மாதமும் வேதாளம் முருங்கை மரம் ஏறிவிடும் என்பது வாசகருக்குத் தெரியும். ஆயினும் படத்தில் உள்ள மன்னன் தளர்வதில்லை. பல தலைமுறையினருக்கு விக்கிரமாதித்தன் என்றதும் நினைவிற்கு வரும் உருவம் பழைய நூல்களில் இருந்து வந்ததன்று, இவ்வோவியத்தில் இருந்து வந்ததே ஆகும்.

பிற்காலம்

அம்புலிமாமா 1998 இல் நின்றுபோய், மறு ஆண்டு மீண்டும் வெளிவந்தது. 2007 இல் மும்பையைச் சேர்ந்த சியோடெசிக் என்ற மென்பொருள் நிறுவனம் அதனை வாங்கியது. 2013 ஆம் ஆண்டளவில் வெளியீடு முற்றிலும் நின்றது. தொடக்கக்கால ஓவியர் குழுவில் எஞ்சியிருந்தவர் சங்கர் ஒருவரே. அதன் பின்னரும் இவர் தூரிகையைக் கீழே வைக்கவில்லை. சென்னை இராமகிருஷ்ண மடம் வெளியிடும் ஸ்ரீ ராமகிருஷ்ண விஜயம் இதழுக்குத் தம் முதிய வயதிலும் ஓவியங்கள் வரைந்து வந்தார்.

2020 செப்டம்பர் 29 அன்று சென்னையில் காலமானார். மறைவிற்குப் பின், 2021 இல் இந்திய அரசு இவருக்குப் பத்மசிறீ விருது அறிவித்தது.