டி.சி.

டி.சி. என்பது தமிழ்நாட்டில் அன்றாடம் புழங்கும் ஆங்கிலச் சுருக்கங்களுள் ஒன்று. சரியாகச் சொன்னால், இரண்டு. ஆங்கில நெடுங்கணக்கின் 20-ஆம் எழுத்தில் தொடங்குவது ஒன்று, 4-ஆம் எழுத்தில் தொடங்குவது மற்றொன்று. பேச்சில் இரண்டும் வெவ்வேறாகவே ஒலிக்கும். எழுத்தில் டகரம் ஒன்றுதான் என்பதால், நாளிதழ்த் தலைப்பிலும் அலுவலகப் பலகையிலும் இரண்டும் ஒரே உருவம் கொண்டுவிடுகின்றன. முன்னதை 'டீ.சி.' என்று நீட்டிப் பிரித்துக் காட்டுவோர் உண்டு. எல்லோரும் அப்படி எழுதுவதில்லை. ஆனாலும் குழப்பம் வருவது அபூர்வம். கூட வரும் வினைச்சொல் காட்டிக்கொடுத்துவிடும். பள்ளியில் டி.சி. வாங்குவார்கள், திருப்பூரில் டி.சி. போடுவார்கள், ரத்தப் பரிசோதனைக் கூடத்தில் டி.சி. பார்ப்பார்கள், பந்தோபஸ்துக்கு டி.சி. வருவார்.

தமிழர் பலருக்கும் முதலில் அறிமுகமாவது பள்ளி மாற்றுச் சான்றிதழான 'டிரான்ஸ்ஃபர் சர்ட்டிஃபிகேட்'. சென்னை மாகாணக் கல்வி விதிகளின் காலத்திலிருந்து தொடரும் தாள் இது. மாணவர் பெயர், பிறந்த தேதி, மதம், சாதி, கடைசியாகப் படித்த வகுப்பு, நடத்தை ஆகியவற்றோடு அங்க அடையாளங்கள் இரண்டு இருக்கும். 'வலது முழங்கையில் ஒரு மச்சம்' என்று ஆறாம் வகுப்பில் எழுதப்பட்டது, ஓய்வுபெறும்வரை பணிப்பதிவேட்டில் கூடவே வரும். சாதி, மத இடங்களை வெற்றிடமாக விடப் பெற்றோருக்கு வழிவகுக்கும் அரசாணை தமிழ்நாட்டில் 1973-இலேயே வந்துவிட்டது. அதைக் காட்டிக் கேட்கும் பெற்றோரிடம் இன்றும் சில பள்ளி அலுவலகங்கள் விழிக்கின்றன என்பது வேறு கதை.

'டி.சி. கொடுத்து அனுப்பிடுவேன்' என்பது பல தலைமுறை மாணவர்கள் கேட்ட மிரட்டல். தனியார் பள்ளிகள் பெருகியபின் இந்தத் தாளுக்கு இன்னொரு பயனும் ஏற்பட்டது: கட்டணப் பாக்கியை வசூலிக்கும் பிடி. 2009-ஆம் ஆண்டின் கட்டாயக் கல்வி உரிமைச் சட்டம் இரண்டையும் தளர்த்தியது. வேறு பள்ளிக்குப் போக விரும்பும் பிள்ளைக்குத் தலைமையாசிரியர் உடனே சான்றிதழ் தர வேண்டும். அது வரத் தாமதமானாலும் புதிய பள்ளி சேர்க்கையை மறுக்கக் கூடாது. சேர்க்கைக்கு டி.சி. கேட்டு வற்புறுத்தக் கூடாது, அதில் கட்டணப் பாக்கியைக் குறிக்கக் கூடாது என்று பள்ளிகளுக்கு அறிவுறுத்துமாறு 2024-இல் சென்னை உயர் நீதிமன்றம் மாநில அரசுக்கு உத்தரவிட்டது.

அதிகாரிகளைக் குறிக்கும் டி.சி.யில்தான் ஆள் மாறாட்டம் அதிகம். சென்னை, மதுரை, கோவை போன்ற காவல் ஆணையரகங்களில் அது துணை ஆணையர், மாவட்டத்தில் எஸ்.பி.க்கு நிகரான பதவி. குரூப் 1 தேர்வு எழுதுவோர் பேச்சிலோ அது துணை ஆட்சியர். ஓசூரைத் தாண்டி அத்திப்பள்ளிக்குள் நுழைந்துவிட்டால் இரண்டும் செல்லாது. கர்நாடகத்தில் டி.சி. என்றால் மாவட்ட ஆட்சியரேதான். எல்லைக்கு இந்தப் பக்கம் கலெக்டருக்குக் கீழே இருப்பவர், அந்தப் பக்கம் கலெக்டராகவே இருக்கிறார்.

இதற்குக் காரணம் கிழக்கிந்தியக் கம்பெனியின் ஆட்சிமுறை. சென்னை, வங்காளம், பம்பாய் போன்ற பழைய மாகாணங்கள் ஒழுங்குமுறைச் சட்டங்களின்கீழ் ஆளப்பட்டன. அங்கே வரி வசூலிப்பவர் கலெக்டர். பின்னால் கைக்கு வந்த நிலப்பகுதிகளுக்கு அந்தச் சட்டங்களை அப்படியே நீட்டாமல், ஒரு கமிஷனரை நியமித்து அவருக்குக் கீழ் மாவட்டந்தோறும் டெபுடி கமிஷனர்களை வைத்தார்கள். 1849-இல் கம்பெனி வசமான பஞ்சாப் இதற்குப் பெயர்போன உதாரணம். மைசூரில் 1831-இல் மன்னரிடமிருந்து நிர்வாகத்தை எடுத்துக்கொண்ட ஆங்கிலேயர், 1881-இல் திருப்பிக் கொடுக்கும்வரை கமிஷனரை வைத்தே ஆண்டார்கள். ஆட்சி திரும்பியது, பதவிப் பெயர் தங்கிவிட்டது. கோயம்புத்தூர் மாவட்டத்தில் இருந்த கொள்ளேகாலம் வட்டம் 1956 நவம்பர் 1 அன்று மைசூர் மாநிலத்துக்குப் போனபோது, அவ்வூர் மக்கள் மனு கொடுக்க வேண்டிய இடம் கலெக்டர் ஆபீஸிலிருந்து டி.சி. ஆபீஸாக மாறியது இப்படித்தான்.

ரயில்வேயின் டி.சி. எளியவர்: நிலைய வாயிலில் நின்று டிக்கெட்டை வாங்கும் 'டிக்கெட் கலெக்டர்'. ஓடும் ரயிலில் பரிசோதிப்பவர் வேறு. ஆனால் பொதுமக்கள் இருவரையும் ஒன்றாகவே பார்த்தார்கள். 2001-இல் கரக்பூரில் ரயில் டிக்கெட் பரிசோதகராகச் சேர்ந்த மகேந்திர சிங் தோனியை 'டி.சி.யாக இருந்தவர்' என்று சொல்வதும் அந்த வழக்கத்தில் வந்ததே.

தொழிலூர்களில் டி.சி. என்றால் 'டெலிவரி சலான்'. சரக்கு விற்கப்படாமல், வேலைக்காக மட்டும் இடம் மாறும்போது கூடப் போகும் சீட்டு. திருப்பூரில் ஒரு பனியன் உருவாவதற்குள் எத்தனை டி.சி. போடப்படுகிறது என்பதைப் பார்த்தால் அந்த ஊரின் தொழில் அமைப்பே விளங்கும். நூல் நிட்டிங்குக்குப் போகும். துணியாகிச் சாயப்பட்டறைக்குப் போகும். அங்கிருந்து காம்பாக்டிங், கட்டிங், தையல். ஒவ்வொரு வேலையும் ஒவ்வொரு கூரையின்கீழ், பெரும்பாலும் ஒவ்வொரு முதலாளியிடம். ஒவ்வொரு வாசலிலும் ஒரு டி.சி. பார்ட்டி பெயர், எத்தனை ரோல், எத்தனை கிலோ, டயா என்ன, ஜி.எஸ்.எம். என்ன, கலர் என்ன என்பதெல்லாம் அதில் இருக்கும். சாயப்பட்டறைக்குப் போன எடைக்கும் திரும்பி வந்த எடைக்கும் வித்தியாசம் கூடிப்போய்த் தகராறு வந்தால், போன டி.சி.யையும் வந்த டி.சி.யையும் எதிரெதிரே வைத்துத்தான் பஞ்சாயத்து. ஜி.எஸ்.டி. வந்தபின் 2017-இன் விதிகள் இந்தச் சீட்டுக்கு மூன்று பிரதிகள் வேண்டும் என்று வகுத்தன: பெறுபவருக்கு ஒன்று, வண்டிக்கு ஒன்று, அனுப்பியவருக்கு ஒன்று. ஜாப் ஒர்க்குக்குப் போன மூலப்பொருள் ஓராண்டுக்குள் திரும்பாவிட்டால், போன நாளிலேயே விற்றதாகச் சட்டம் கொள்ளும். பள்ளி டி.சி. போல ஒருமுறை வாங்கிப் பெட்டியில் பூட்டும் தாளல்ல இது.

ஆய்வகச் சீட்டில் இரண்டு டி.சி.யும் அடுத்தடுத்து வரும். முதலாவது 'டோட்டல் கவுன்ட்': ஒரு மைக்ரோலிட்டர் ரத்தத்தில் உள்ள வெள்ளையணுக்களின் மொத்த எண்ணிக்கை. பெரியவர்களுக்கு இது 4,000 முதல் 11,000 வரை இருந்தால் இயல்பு. இரண்டாவது 'டிஃபரன்ஷியல் கவுன்ட்': அந்த வெள்ளையணுக்களில் நியூட்ரோஃபில், லிம்ஃபோசைட், இயோசினோஃபில், மோனோசைட், பேசோஃபில் ஆகியவை எத்தனை விழுக்காடு என்ற பகுப்பு. 1870-களின் இறுதியில் ஜெர்மன் மருத்துவர் பால் எர்லிக் சாயங்களைக் கொண்டு இந்த அணுக்களைப் பிரித்துக் காட்டியதிலிருந்து இது தொடங்குகிறது. கண்ணாடிச் சில்லில் ரத்தத்தை மெல்லத் தேய்த்து, சாயமேற்றி, நுண்ணோக்கியில் 100 அணுக்களை ஒவ்வொன்றாக எண்ணுவதே பழைய முறை. வாலஸ் கூல்ட்டர் 1953-இல் காப்புரிமை பெற்ற எண்ணும் கருவியின் வழிவந்த இயந்திரங்கள் இப்போது அந்த வேலையைச் செய்கின்றன. எண்ணிக்கையில் சந்தேகம் தட்டினால் இன்றும் சில்லைத்தான் எடுக்கிறார்கள்.

அறிவியல் பாடத்தின் டி.சி. நேர்திசை மின்னோட்டம். மற்ற டி.சி.களையெல்லாம்விட இதன் வரலாறு சுவையானது. தோற்றுப்போய்த் திரும்பி வந்த கதை அது. 1800-இல் வோல்ட்டா உருவாக்கிய மின்கல அடுக்கு தந்தது நேர்திசை மின்சாரமே. எடிசன் 1882 செப்டம்பர் 4 அன்று நியூயார்க்கின் பேர்ல் தெருவில் மின்நிலையம் திறந்தபோது வீடுகளுக்குக் கொடுத்ததும் 110 வோல்ட் டி.சி.தான். சிக்கல் தூரத்தில் இருந்தது. கம்பியில் வீணாகும் சக்தி, ஓடும் மின்னோட்டத்தின் இருமடிக்கு ஏற்பக் கூடும். வோல்ட்டை உயர்த்தி மின்னோட்டத்தைக் குறைத்தால் இழப்பு குறையும். ஆனால் வோல்ட்டை ஏற்றி இறக்கும் மின்மாற்றி, மாறுதிசை மின்சாரத்துக்கு மட்டுமே வேலை செய்யும். எனவே எடிசனின் மின்சாரம் நிலையத்திலிருந்து ஏறத்தாழ ஒரு மைலைத் தாண்டத் திணறியது, அவருடைய போட்டியாளர் வெஸ்டிங்ஹவுஸின் மாறுதிசை மின்சாரமான ஏ.சி. ஊர் கடந்து போனது.

அதன்பின் நடந்தது அசிங்கமான சண்டை. ஏ.சி. ஆளைக் கொல்லும் என்று காட்ட எடிசன் தரப்பு ஆதரவுடன் பொதுமக்கள் முன்னிலையில் நாய்களுக்கு மின்சாரம் பாய்ச்சினார்கள். 1890-இல் நியூயார்க் மாநிலத்தில் முதல் மின்நாற்காலித் தண்டனைக்குப் பயன்பட்டது வெஸ்டிங்ஹவுஸ் மின்னாக்கிதான். எதுவும் பலிக்கவில்லை. 1893 சிகாகோ உலகக் கண்காட்சியில் ஏ.சி. விளக்குகள் எரிந்தன, 1896-இல் நயாகராவின் மின்சாரம் பஃபலோ நகரை எட்டியது. எடிசனின் டி.சி. ஒரேயடியாக மறைந்துவிடவும் இல்லை. பழைய லிஃப்டுகளுக்காக நியூயார்க்கில் நீடித்த டி.சி. இணைப்புகளில் கடைசியானது 2007 நவம்பரில்தான் துண்டிக்கப்பட்டது.

இந்தியாவில் டி.சி. பல காலம் ரயிலை இழுத்தது. 1925-இல் பம்பாய் விக்டோரியா டெர்மினஸ் - குர்லா இடையே ஓடிய முதல் மின்ரயிலும், 1931-இல் சென்னைக் கடற்கரை - தாம்பரம் இடையே மீட்டர்கேஜில் ஓடத் தொடங்கிய மின்ரயிலும் 1,500 வோல்ட் டி.சி.யில் இயங்கியவை. சென்னைப் பாதை 1960-களின் இறுதியில் ஏ.சி.க்கு மாறிவிட்டது. பம்பாய் முழுவதும் மாற 2016 ஆயிற்று.

திரும்பி வந்த கதை 1954-இல் ஸ்வீடனில் தொடங்குகிறது. காட்லாந்து தீவுக்குக் கடலடியில் உயர் அழுத்த டி.சி. கேபிள் போடப்பட்டது. இருமுனையிலும் மாற்று நிலையம் கட்டும் செலவைத் தாங்கிக்கொண்டால், கடலடியிலும் மிக நீண்ட தூரத்திலும் டி.சி.யே சிக்கனம் என்பது தெரிந்துபோயிற்று. இந்தத் தலைகீழ் மாற்றத்தைப் பார்க்கத் தமிழர் வெளிநாடு போக வேண்டியதில்லை. சத்தீஸ்கரின் ராய்கரிலிருந்து தமிழ்நாட்டின் புகளூர் வரை 1,700 கிலோமீட்டருக்கும் மேல் நீளும் 800 கிலோவோல்ட் டி.சி. தடம் 6,000 மெகாவாட் சுமக்க வல்லது. காற்றாலை சீசனில் இங்கிருந்து வடக்கே மின்சாரம் அனுப்பவும் அதில் வழி இருக்கிறது. வீட்டுக்குள்ளும் டி.சி. வந்தாயிற்று. கூரைமேல் இருக்கும் சூரியத் தகடு தருவது அது. செல்போன் பேட்டரி வாங்கிக்கொள்வது அது. கடைக்காரர் கரண்ட் பில் குறையும் என்று சொல்லி விற்கும் பி.எல்.டி.சி. ஃபேனின் பெயரில் ஒட்டிக்கொண்டிருப்பதும் அதுவே.

உலக வரைபடத்தில் டி.சி. என்பது அமெரிக்கத் தலைநகரைத் தாங்கும் 'டிஸ்ட்ரிக்ட் ஆஃப் கொலம்பியா'. 1783-இல் சம்பளப் பாக்கி கேட்ட படைவீரர்கள் ஃபிலடெல்ஃபியாவில் நாடாளுமன்றத்தைச் சூழ்ந்துகொண்டபோது பென்சில்வேனியா அரசு உதவிக்கு வரவில்லை. எந்த மாநிலத்துக்கும் கட்டுப்படாத தலைநகர் வேண்டும் என்ற எண்ணம் அதில் வலுப்பெற்றது. 1790-இல் சட்டம் இயற்றி, மேரிலாந்திலும் வர்ஜினியாவிலும் நிலம் பெற்றுப் பக்கத்துக்குப் பத்து மைல் கொண்ட சதுரத்தை வகுத்தார்கள். வர்ஜினியா 1846-இல் தன் பங்கைத் திரும்ப வாங்கிக்கொண்டதால் சதுரம் இன்று மூளி. 2020 கணக்கெடுப்பின்படி அங்கே 6,89,545 பேர். வெர்மான்ட், வயோமிங் மாநிலங்களைவிட அதிகம். ஆனாலும் 1961-இன் 23-ஆம் திருத்தம் வரும்வரை அவர்களுக்கு அதிபர் தேர்தலில் வாக்கில்லை. காங்கிரஸில் வாக்களிக்கும் உறுப்பினர் இன்றும் இல்லை. பிரதிநிதித்துவம் இன்றி வரி வசூலிக்கிறார்கள் என்ற முறையீட்டை 2000 முதல் கார் நம்பர் பிளேட்டிலேயே அச்சிட்டுக்கொண்டு ஓட்டுகிறார்கள்.

பேட்மேன் வந்த டி.சி., 'டிடெக்டிவ் காமிக்ஸ்'. மால்கம் வீலர்-நிக்கல்சன் தொடங்கிய அந்த இதழ் 1937 மார்ச் தேதியிட்டு வெளிவந்தது. 1939 மே தேதியிட்ட 27-ஆம் இதழில் பாப் கேனும் பில் ஃபிங்கரும் பேட்மேனை இறக்கினார்கள். வாசகர்கள் அட்டையில் இருந்த இரண்டெழுத்தையே நிறுவனத்தின் பெயராகக் கொண்டுவிட, 1977-இல் நிறுவனமும் டி.சி. காமிக்ஸ் ஆனது. விரித்துப் படித்தால் 'துப்பறியும் காமிக்ஸ் காமிக்ஸ்' என்று வரும், யாரும் விரிப்பதில்லை.

விமானங்களில் டி.சி. என்பது 'டக்ளஸ் கமர்ஷியல்'. 1935 டிசம்பர் 17 அன்று முதலில் பறந்த டி.சி.-3, சரக்கில்லாமல் பயணிகளை வைத்தே லாபம் காட்டிய விமானம் என்று பெயர் பெற்றது. இரண்டாம் உலகப் போரில் அதன் ராணுவ வடிவத்துக்கு ஆங்கிலேயர் வைத்த பெயர் டகோட்டா. 1947 அக்டோபர் 27 அன்று இந்தியப் படைகளை ஸ்ரீநகரில் இறக்கியவை டகோட்டாக்கள். அதே ஆண்டு டிசம்பரில் ஏர் சிலோன் தன் முதல் சேவையை ரத்மலானையிலிருந்து காங்கேசன்துறை வழியாகச் சென்னைக்கு இயக்கியதும் டி.சி.-3-இல்தான்.

சில்லறைப் பொருள்கள் சில. ரோமன் எண்களில் அது 600. மேலை இசைக் குறிப்பில் 'டா கேப்போ': முதலிலிருந்து மறுபடி வாசி என்ற கட்டளை. கேரளத்துப் புத்தகக் கடைகளில் அது ஒரு மனிதரின் முன்னெழுத்து, டி.சி. கிழக்கேமுறி 1974-இல் கோட்டயத்தில் நிறுவிய பதிப்பகம் டி.சி. புக்ஸ்.

ஐ.பி.எல். ஸ்கோர் பலகையில் டி.சி. இருமுறை பிறந்தது. 2008 முதல் 2012 வரை அது ஹைதராபாதின் டெக்கான் சார்ஜர்ஸ்; 2009 கோப்பை அவர்களுக்கே. அணியின் உரிமை டெக்கான் கிரானிக்கிள் நாளிதழ் நிறுவனத்திடம் இருந்தது; அதன் பெயரும் டி.சி. என்றே சுருங்கும். 2012-இல் அணி கலைக்கப்பட்டு, ஹைதராபாத் இடத்தைச் சென்னையின் சன் குழுமம் வாங்கி சன்ரைசர்ஸ் ஆக்கியது. உரியவர் இல்லாமல் கிடந்த சுருக்கத்தை 2018 டிசம்பரில் டெல்லி டேர்டெவில்ஸ், டெல்லி கேப்பிட்டல்ஸ் என்று பெயர் மாறியபோது எடுத்துக்கொண்டது.