பிறந்த நாடும் வளர்ந்த நாடும்: ஐரோப்பியப் புகலிடச் சட்டத்தில் சிறுமியர்

ஈராக்கியச் சகோதரிகள் இருவர் 2015 செப்டம்பரில் பெற்றோருடன் நெதர்லாந்து வந்து சேர்ந்தபோது மூத்தவளுக்கு 12 வயது, இளையவளுக்கு 10. குடும்பத்தின் புகலிட விண்ணப்பம் 2017இல் தள்ளுபடியானது. 2019இல் சகோதரிகள் மறுபடி விண்ணப்பித்தார்கள். இம்முறை சொன்ன காரணம் வேறு: இங்கே வளர்ந்து எங்கள் வாழ்வை நாங்களே தீர்மானிக்கப் பழகிவிட்டோம், ஈராக்கில் அப்படி வாழ முயன்றால் துன்புறுத்தலுக்கு ஆளாவோம். அதுவும் மறுக்கப்பட்டு, வழக்கு லக்சம்பர்க்கிலுள்ள ஐரோப்பிய ஒன்றிய நீதிமன்றம் வரை சென்றது. கே, எல் என்ற எழுத்துகளால் குறிக்கப்படும் அவ்விருவரின் வழக்கில் (சி-646/21) 2024 ஜூன் 11 அன்று வந்த தீர்ப்பு, பெண்ணுரிமையையும் குழந்தை உரிமையையும் அருகருகே வைத்தது. ஆனால் இரண்டையும் பிணைக்கவில்லை என்பதே என் வாதம்.

அகதி யார் என்பதற்கு 1951ஆம் ஆண்டு ஜெனீவா உடன்படிக்கை ஐந்து காரணங்களைச் சொல்கிறது: இனம், சமயம், தேசியம், குறிப்பிட்ட சமூகக் குழு, அரசியல் கருத்து. பாலினம் அதில் இல்லை. எனவே பெண்கள் பெரும்பாலும் ‘சமூகக் குழு’ என்ற பக்கவாசல் வழியாகவே உள்ளே வரவேண்டியிருந்தது. ஒன்றியத்தின் 2011ஆம் ஆண்டு ஆணையோ அக்குழுவுக்கு இரண்டு நிபந்தனைகளை விதித்தது: மாற்ற முடியாத, அல்லது கைவிடச் சொல்லக் கூடாத பொதுப் பண்பு ஒன்று வேண்டும், சொந்த நாட்டுச் சமூகமும் அவர்களை வேறானவர்களாகப் பார்க்க வேண்டும். ஒரு நாட்டுப் பெண்கள் முழுவதுமே அத்தகைய குழுவாகலாம் என்று நீதிமன்றம் ஒப்புக்கொண்டது 2024 ஜனவரி 16இல்தான்.

சகோதரிகள் வழக்கில் முன்வைக்கப்பட்ட கேள்வி ‘மேற்கத்திய’ விழுமியங்களைப் பற்றியது. நீதிமன்றம் அச்சொல்லை ஒதுக்கி, ஆண் பெண் சமத்துவம் என்று மாற்றி எழுதியது. நல்ல திருத்தம். ஒரு சிறுமியின் விருப்பங்களை ஒரு திசைக்குச் சொந்தமாக்க வேண்டியதில்லை. கல்வி, தொழில், வெளியில் வேலைசெய்து தன்காலில் நிற்பது, தனியே வாழ்வதா குடும்பத்தோடா, துணை யார் என்பனவற்றைத் தானே தேர்வதுதான் அச்சமத்துவத்தின் அன்றாட வடிவம் என்று தீர்ப்பு விளக்குகிறது. அடையாளம் உருவாகும் பருவத்தில் ஒரு நாட்டில் வாழ்ந்ததற்கும் அது எடை தருகிறது.

சிக்கல் சான்றில் இருக்கிறது. சமத்துவத்தோடு தன்னை உண்மையாகவே இணைத்துக்கொண்டிருப்பதை அந்தப் பெண் காட்ட வேண்டும். மதம் மாறியவரின் நம்பிக்கையைச் சோதிப்பது போன்ற அளவுகோல் இது. வளரும் பிள்ளை எதையும் ஒரு நாளில் முடிவெடுத்து ஏற்பதில்லை; பள்ளியிலும் தெருவிலும் அது ஊறுகிறது. அதை அதிகாரியிடம் வாதமாகச் சொல்லத் தெரிந்தவள் தேறுவாள். பெற்றோர் முன் வாய்திறக்காதவள்? அதே 2024 அக்டோபர் 4இல், ஆப்கன் பெண்களின் வழக்குகளில், தனிப்பட்ட நிலையைப் பொறுத்தவரை தேசியமும் பாலினமும் தெரிந்தாலே போதும் என்று அதே நீதிமன்றம் அரசுகளுக்கு வழிவிட்டது. தாலிபான் ஆட்சியில் ஒடுக்குமுறை பெண்கள் எல்லார் மீதும் விழுவதால் அந்த வேறுபாட்டுக்குக் காரணம் உண்டு. ஆனால் சான்றின் சுமை எவ்வளவு எளிதாகக் குறையக்கூடியது என்பதையும் அது காட்டுகிறது.

குழந்தையின் நலனைத் திட்டவட்டமாக ஆராயாமல் முடிவெடுக்கக் கூடாது என்றும் ஜூன் தீர்ப்பு சொன்னது. அடிப்படை உரிமைகள் சாசனத்தின் 24ஆம் பிரிவு அதற்கு அடிப்படை. இது நடைமுறைக் கடமை மட்டுமே. நலன் எதைக் கோரினாலும் புகலிடம் தானாக வந்துவிடாது. 2017ஆம் ஆண்டு சாவேஸ்-வில்செஸ் வழக்கோடு ஒப்பிட்டால் இது விளங்கும். அங்கே பிள்ளைகள் டச்சுக் குடிமக்கள், தாய்மார் ஒன்றியத்துக்கு வெளியிலிருந்து வந்தவர்கள். தந்தை பார்த்துக்கொள்வார் என்று சொல்லித் தாயை அனுப்புவதற்கு அது மட்டும் போதாது, பிள்ளை உண்மையில் யாரைச் சார்ந்திருக்கிறது என்று பார்க்க வேண்டும் என்றது நீதிமன்றம். பிள்ளையின் நலன் அங்கே தாய்க்கு வசிப்புரிமை வரை கொண்டுசெல்லக் கூடியது. கடவுச்சீட்டு ஒன்றியத்துடையதாக இருந்தால் நலனுக்கு வலு. இல்லையென்றால் அது கோப்பில் ஒரு பத்தி.

2024இல் நிறைவேறி 2026 ஜூன் 12 முதல் பொருந்தும் குடியேற்ற, புகலிட ஒப்பந்தத்தில் கைரேகை பதியும் வயது 14இலிருந்து 6ஆகக் குறைந்திருக்கிறது. பிள்ளைகளோடு வரும் குடும்பங்களும் எல்லை நடைமுறைக்குள் வரலாம். இந்நிலையில் உறுப்பு நாடுகள் குறைந்தது இரண்டைச் செய்ய வேண்டும்: சிறுமியைப் பெற்றோரிடமிருந்து தனியே விசாரிப்பது, எந்த வயதில் வந்தாள், எத்தனை ஆண்டுகள் அந்த உறுப்பு நாட்டில் வளர்ந்தாள் என்பதையே முதற்சான்றாக ஏற்பது. இரண்டுக்கும் புதிய சட்டம் தேவையில்லை.