மைனஸ் 1-க்கு மட்டும் ஏன் தனி விதி?



மேல்நிலை வகுப்பில் தொகையீடு படித்தவர்களுக்கு இந்த விதி மறந்திருக்காது. அடுக்கோடு ஒன்றைக் கூட்டு, வந்த எண்ணால் வகு, கடைசியில் மாறிலியைச் சேர். அடுக்கு மைனஸ் 1 ஆக இருந்தால் மட்டும் இது செல்லாது. விடை மடக்கை, அதாவது லாகரிதம்.

பல வருடங்களுக்கு முன் ஒரு மாணவி எழுந்து, "சார், அதுக்கு மட்டும் ஏன் சார் லாக் வருது?" என்று கேட்டாள். "பூச்சியத்தால வகுக்க முடியாதும்மா. மனப்பாடம் பண்ணிக்கோ" என்று சொல்லி உட்கார வைத்துவிட்டேன். விதி ஏன் செல்லாது என்பதற்குத்தான் அது பதில். லாக் எங்கிருந்து வந்தது என்ற அவள் கேள்விக்கு நான் பதிலே சொல்லவில்லை. அதன் வரலாற்றைப் படித்த பிறகுதான் எனக்கே அது புரிந்தது.

இத்தாலியில் கவலியேரி என்ற பேராசிரியர், 1647-இல் வெளிவந்த தம் நூலில் இந்த விதியை 9-ஆம் அடுக்கு வரை கொண்டுபோனார். அப்போது நியூட்டன் சிறுவன், லைப்னிட்ஸ் கைக்குழந்தை. பிரான்சில் நீதிமன்றப் பதவியில் இருந்த ஃபெர்மா வேறு வழி கண்டார். வளைகோட்டின் கீழ் உள்ள பரப்பைப் பெருக்குத் தொடர்முறையில் அகலம் கூடும் பட்டைகளாக வெட்டிக் கூட்டினார். பின்ன அடுக்கு, குறை அடுக்கு எல்லாவற்றுக்கும் விடை வந்தது. மைனஸ் 1 மட்டும் வசப்படவில்லை. அதை விலக்கித்தான் அவர் எழுதினார்.

அந்த வளைகோட்டை வேறொருவர் ஆராய்ந்திருந்தார். பெல்ஜியத்து இயேசு சபைத் துறவி கிரெகுவார் தெ சென்-வின்சென்ட். 1631-இல் போர் காரணமாகப் பிராகு நகரை விட்டு ஓடியபோது அவருடைய கையெழுத்துப் பிரதிகள் அங்கேயே தங்கிவிட்டன. அவை திரும்பக் கிடைக்கப் பத்தாண்டுகள் ஆயின. 1647-இல் அவரது நூல் அச்சேறியது. வட்டத்தைச் சதுரமாக்கிவிட்டதாக அதில் சொல்லியிருந்தார். அது தவறு என்று 1651-இல் ஹைகன்ஸ் காட்டினார். ஆனால் அதே நூலில்தான் நம் மாணவியின் கேள்விக்கான விடையும் இருந்தது.

ஒன்றின் கீழ் எக்ஸ் என்ற வளைகோட்டை வரையுங்கள். கிடைக்கோட்டில் 1, 2, 4, 8 என்று குறியுங்கள். 1 முதல் 2 வரை ஒரு பரப்பு. 2 முதல் 4 வரை அகலம் இரட்டிப்பாகிறது, உயரம் பாதியாகிறது. ஆகவே பரப்பு அதேதான். 4 முதல் 8 வரையும் அதேதான். தூரம் பெருக்கலில் வளர, பரப்பு கூட்டலில் வளர்கிறது.

பெருக்கலைக் கூட்டலாக்குவதுதானே லாகரிதம்! நேப்பியர் அதற்கான அட்டவணையை 1614-லேயே வெளியிட்டிருந்தார். இரண்டும் ஒன்றே என்பதை 1649-இல் எடுத்துச் சொன்னவர் சரசா என்ற இன்னொரு இயேசு சபைத் துறவி.

ஃபெர்மாவின் வழி இங்கே நின்றுபோனதற்கும் காரணம் இதுவே. பட்டைகளின் பரப்பு சிறுத்துக்கொண்டே போனால்தான் முடிவில்லாத் தொடருக்குக் கூட்டுத்தொகை உண்டு. இங்கே எல்லாப் பட்டையும் சமம்.

இப்போது வகுப்பெடுக்கும் ஆசிரியர்களுக்கு ஒரு வேண்டுகோள். இந்தப் படத்தைப் பலகையில் போட்டுக் காட்டப் பத்து நிமிடம் போதும். அன்று நான் அந்தப் பத்து நிமிடத்தை மிச்சம் பிடித்தேன். அந்தப் பெண் அதற்குப் பிறகு என்னிடம் கேள்வியே கேட்கவில்லை.