உறவுக்காரன் கையில் ஒரு லைசென்ஸ்

கடலூரிலிருந்து விருத்தாசலம் போகிற சாலையில் குள்ளஞ்சாவடி, குறிஞ்சிப்பாடி, வடலூர் என்று ஊர்கள் வரிசையாக வரும். வடலூரைத் தாண்டினால் நெய்வேலி. 1956-இல் நிலக்கரி நிறுவனம் தொடங்கிய பிறகு, இந்தப் பக்கத்து இளைஞனுக்கு வேலை என்றால் கண் நெய்வேலிப் பக்கம்தான் திரும்பும். நிரந்தர வேலை கிடைத்தால் யோகம். இல்லாவிட்டால் காண்ட்ராக்டரிடம் தினக்கூலி. சுரங்கம் இல்லாத காலத்தில் இவனுடைய தாத்தனும் பூட்டனும் எங்கே போனார்கள்? ஏராளமானோர் கப்பல் ஏறினார்கள். இந்த ஊர்கள் இருந்த அன்றைய தென்னாற்காடு மாவட்டம், தஞ்சாவூர், திருச்சி, சேலம், வடஆற்காடு, செங்கற்பட்டு மாவட்டங்களோடு சேர்ந்து, மலாயா ரப்பர்த் தோட்டங்களுக்கு ஆள் கொடுத்த முக்கிய மாவட்டங்களில் ஒன்று.

சென்ற வாரம் புதுச்சேரி, காரைக்கால் துறைகளிலிருந்து ரியூனியன், மார்த்தினிக், குவாதலூப் தீவுகளுக்குப் போன ஒப்பந்தக் கூலிகளைப் பார்த்தோம். ஐந்து வருடம் என்று கையொப்பமிட்டு, இடையில் ஓடினால் சிறை என்றிருந்த முறை அது. இந்த வாரம் அதற்குப் பின் வந்த கங்காணி முறை. இதில் வருடக் கணக்கு ஒப்பந்தம் இல்லை. ஆனாலும் பிடி இருந்தது. அந்தப் பிடி யார் கையில் இருந்தது என்பதுதான் இந்த வாரக் கதை.

அதற்கு முன் சற்றே உலகின் மறுபக்கம் போய் வருவோம். இரண்டாம் உலகப் போர் நடந்துகொண்டிருந்த 1942 ஆகஸ்ட் 4-ஆம் தேதி அமெரிக்காவும் மெக்சிகோவும் ஓர் உடன்பாட்டுக்கு வந்தன. அமெரிக்கப் பண்ணைகளில் ஆள் பற்றாக்குறை. மெக்சிகோ கிராமங்களில் வேலைப் பற்றாக்குறை. அரசுக்கு அரசு ஒப்பந்தம் போட்டு ஆட்களை அனுப்பினார்கள். போனவர்களுக்கு பிராசெரோ என்று பெயர். சர்க்கரை பீட், பருத்தி, கீரை, தக்காளி எல்லாம் அவர்கள் கைபட்டுத்தான் அமெரிக்கச் சந்தைக்கு வந்தன. 1964 டிசம்பர் 31 வரை நீடித்த அந்தத் திட்டத்தில் கையெழுத்தான ஒப்பந்தங்கள் சுமார் 46 லட்சம். ஒருவரே பல முறை போனதால் ஆள் கணக்கு அதைவிடக் குறைவு.

காகிதத்தில் எல்லாம் நன்றாகவே இருந்தது. குறைந்தபட்சக் கூலி, தங்க இடம், திரும்பும் செலவு என்று எழுதியிருந்தார்கள். ஆனால் உள்ளூர் அதிகாரிக்குப் பணம் அழுதால்தான் பட்டியலில் பெயர் ஏறும். மான்டெர்ரே, எம்பால்மே போன்ற ஊர்களின் ஆள்சேர்ப்பு மையங்களில் நாள் கணக்கில் காத்துக் கிடக்க வேண்டும். உள்ளங்கையைத் தடவி, காய்ப்பு இருக்கிறதா என்று பார்த்து எடுத்தார்கள். எல்லை தாண்டியதும் உடையைக் களையச் சொல்லி டிடிடி தூள் அடித்தார்கள். தொடக்க ஆண்டுகளில் கூலியில் 10 சதவீதத்தைச் சேமிப்பு என்று பிடித்துக்கொண்டார்கள். அந்தப் பணம் பலருக்கு வந்து சேரவேயில்லை. அதைக் கேட்டு அவர்களும் அவர்கள் பிள்ளைகளும் 2000-த்துக்குப் பிறகும் போராடினார்கள்.

மெக்சிகோக்காரனைத் தேர்ந்தெடுத்தது அரசாங்க அலுவலகம். நம் ஆளைத் தேர்ந்தெடுத்தது அவனுடைய பங்காளி, மாமன், பக்கத்துத் தெருக்காரன். இரண்டு முறைகளையும் பிரிப்பது இதுதான். நம் முறை ஏன் அத்தனை வலுவாக வேரூன்றியது என்பதற்கும் இதுதான் காரணம் என்று நான் நினைக்கிறேன்.

நடந்தது இப்படி. மலாயாவில் ஒரு தோட்டத்துக்கு ஆள் வேண்டும். தோட்டத் துரை, தன்னிடம் வேலை செய்பவர்களில் நம்பகமான ஒருவரைப் பொறுக்கி, ஆள் சேர்க்கும் லைசென்ஸ் வாங்கிக் கொடுப்பார். அதில் தோட்டத்தின் பெயர், கூலி, எத்தனை பேரைச் சேர்க்கலாம் என்ற எண்ணிக்கை எல்லாம் இருக்கும். கங்காணி கப்பலேறி வந்து, நாகப்பட்டினத்திலோ சென்னையிலோ இருந்த குடியேற்ற அலுவலகத்தில் லைசென்ஸைக் காட்டிப் பதிவு செய்துகொண்டு நேராகத் தன் ஊருக்குப் போவார். வெளுத்த வேட்டியும் கையில் பணமுமாக வந்து இறங்கும் ஊர்க்காரனை விடப் பெரிய விளம்பரம் எது? தோட்டத்தில் அடித்த மலேரியாவைப் பற்றியோ, லயத்து அறையில் எத்தனை பேர் படுக்க வேண்டும் என்பதைப் பற்றியோ அவர் பேச வேண்டிய அவசியம் இல்லை. யாரும் கேட்கவும் மாட்டார்கள்.

போகச் சம்மதித்தவர்களைக் கிராம முன்சீப்பிடம் அழைத்துப் போய், ஆட்சேபணை இல்லை என்று எழுதி வாங்க வேண்டும். பிறகு ரயிலேற்றி நாகப்பட்டினம் டிப்போ அல்லது சென்னைக்குப் பக்கத்தில் ஆவடி டிப்போ. அங்கே மருத்துவச் சோதனை, அம்மைத் தடுப்பூசி. தன் விருப்பத்தோடுதான் போகிறாயா என்று அதிகாரி கேட்பார். கங்காணி பக்கத்தில் நிற்கும்போது அந்தக் கேள்விக்கு என்ன பதில் வந்திருக்கும் என்று சொல்லத் தேவையில்லை. ஏறத்தாழ ஒரு வாரக் கப்பல் பயணம். பினாங்கு போனால் புலாவ் ஜெரஜாக் தீவில் தனிமைப்படுத்தி வைத்து, நோய் இல்லை என்று தெரிந்த பிறகே தோட்டத்துக்கு விடுவார்கள்.

தோட்டத்தில் கங்காணியின் வேலை முடிவதில்லை, தொடங்குகிறது. கொண்டுவந்த ஒவ்வொரு தலைக்கும் கமிஷன் உண்டு. அதோடு, தன் ஆட்கள் எத்தனை பேர் காலைப் பெரட்டில், அதாவது ஆள் கணக்கெடுப்பில், நிற்கிறார்களோ அத்தனை பேருக்குத் தினமும் தலைக்காசு. ஆள் நோயில் படுத்தால் கங்காணிக்கு நஷ்டம். வேறு தோட்டத்துக்கு ஓடினால் அதைவிட நஷ்டம். அதனால் ஆள் பிடித்தவரே காவல்காரர், மேஸ்திரி, வட்டிக்குக் கடன் கொடுப்பவர், வழக்குத் தீர்ப்பவர் என்று எல்லாமும் ஆனார். மாரியம்மன் கோயில் திருவிழாவில் முதல் மரியாதையும் அவருக்கே. சட்டப்படி தொழிலாளி ஒரு மாத அறிவிப்புக் கொடுத்துவிட்டு வெளியேறலாம். தன்னைக் கூட்டிவந்த மாமனுக்கு எப்படி அறிவிப்புக் கொடுப்பான்?

ரப்பர் விலை ஏற ஏற, தோட்டங்கள் ஒன்றின் ஆளை ஒன்று ஆசை காட்டி இழுக்கத் தொடங்கின. செலவு செய்து ஆள் கொண்டுவருபவர் ஒருவர், நோகாமல் தட்டிப் பறிப்பவர் இன்னொருவர். இந்தச் சண்டையைத் தீர்க்கத்தான் 1907-இல் தமிழ்க் குடியேற்ற நிதி வந்தது. தமிழ்த் தொழிலாளியை வைத்து வேலை வாங்கும் எல்லா முதலாளியும், ஆள் சேர்க்க அனுப்பினாலும் அனுப்பாவிட்டாலும், வேலை நாள் கணக்கில் நிதிக்குப் பணம் கட்ட வேண்டும். அந்த நிதியிலிருந்து பயணச் செலவு போனது. இதனால் தொழிலாளி கப்பல் கடன் இல்லாமல் வந்து இறங்கினான் என்பது உண்மை. 1910-இல் மலாயாவுக்கு ஒப்பந்தக் கூலி முறையும் நின்றது. அதன் பிறகு கங்காணி வழிதான் ராஜபாட்டை. 1865 முதல் 1938 வரை இந்த வழியில் மலாயா போனவர்கள் ஏறத்தாழ 12 லட்சம் என்பது வரலாற்றாய்வாளர் கெர்னைல் சிங் சந்துவின் கணக்கு. அவர்கள் பால் வெட்டிய ரப்பர்தான் அமெரிக்கக் கார்களுக்கு டயராக ஓடியது.

கங்காணியோடு இலங்கைத் தோட்டங்களுக்குப் போனவர்களின் நிலைமை இன்னும் மோசம். அங்கே துண்டு முறை. தொழிலாளியும் அவன் குடும்பமும் பட்ட கடனை ஒரு சீட்டில் எழுதி வைப்பார்கள். வேறு தோட்டம் அவர்களை எடுக்க வேண்டுமானால் அந்தத் தொகையைக் கட்டி எடுக்க வேண்டும். கட்டிய தொகை மறுபடி தொழிலாளியின் தலையிலேயே ஏறும். இப்படிக் கைமாறக் கைமாறக் கடன் பெருகியதே தவிரக் குறையவில்லை. 1921-இல்தான் சட்டம் போட்டு ஒழித்தார்கள்.

இவ்வளவும் தெரிந்த பிறகு ஒரு கேள்வி எழும். ஏன் போனார்கள்? ஏமாற்றப்பட்டார்கள் என்று ஒரே வார்த்தையில் முடிப்பது போனவர்களுக்குச் செய்யும் அநியாயம். குள்ளஞ்சாவடியிலிருந்து அதிகத் தொலைவில் இல்லாத வடலூரில் வள்ளலார் 1867-இல் தருமச்சாலை தொடங்கி அடுப்பு மூட்டினார். பசி இந்தப் பகுதியின் அன்றாடம் என்பதற்கு அதைவிடச் சாட்சி வேண்டாம். பத்து வருடத்துக்குள், 1876-இல் தொடங்கி 1878 வரை, தாது வருடப் பஞ்சம் சென்னை மாகாணத்தைச் சூறையாடியது. மழை பெய்த வருடங்களிலும் படியாளின் நிலை என்ன? நாளுக்கு இத்தனை படி தானியம், கல்யாணத்துக்கு வாங்கிய கடனுக்குத் தலைமுறை தலைமுறையாய் உழைப்பு, சேரிக்கு வெளியே தலைநிமிர முடியாத வாழ்வு. அவனுக்குக் கப்பல் ஒரு கதவு. பண்ணையாட்கள் கப்பலேறிவிடுகிறார்கள் என்று மிராசுதார்கள் அரசிடம் முறையிட்டார்கள் என்பதே, போனவன் எதிலிருந்து தப்பினான் என்பதைச் சொல்லிவிடுகிறது. ஒரு கட்டிலிருந்து அறுத்துக்கொண்டு இன்னொரு கட்டுக்குள் போனான். இரண்டாவதில் கையில் காசாவது கிடைத்தது.

அந்தக் காசுக்கும் உத்தரவாதம் இல்லை. 1920-களின் இறுதியில் மலாயாவில் ஆணுக்கு நாளொன்றுக்கு 50 சென்ட், பெண்ணுக்கு 40 சென்ட் என்று கூலி நிர்ணயித்தார்கள். 1930-இல் உலகப் பொருளாதாரம் சரிந்து ரப்பர் விலை விழுந்ததும் கூலியை வெட்டினார்கள். ஆள் சேர்ப்பை நிறுத்தினார்கள். கூட்டம் கூட்டமாகத் தொழிலாளர்களைக் கப்பலேற்றி நாகப்பட்டினத்திலும் சென்னையிலும் இறக்கினார்கள். ஊரில் நிலமும் இல்லை, வேலையும் இல்லை.

1936-இன் இறுதியில் இந்திய அரசு வலங்கைமான் சீனிவாச சாஸ்திரியை மலாயாவுக்கு அனுப்பியது. அப்போது அவர் நம் மாவட்டத்துச் சிதம்பரத்தில் அண்ணாமலைப் பல்கலைக்கழகத் துணைவேந்தர். கங்காணி வழி ஆள் சேர்ப்பு இனி வேண்டாம் என்று அவர் அறிக்கை சொன்னது. மற்ற விஷயங்களில் தோட்ட முதலாளிகளுக்கு மிகவும் இடம் கொடுத்துவிட்டார் என்று மலாயா இந்தியர்கள் அவர்மேல் கோபப்பட்டார்கள். அந்தக் கோபத்தில் நியாயம் உண்டு. 1938-இல் முதலாளிகள் மறுபடி கூலியைக் குறைக்க முனைந்தபோது, ஜூன் 15 முதல் மலாயாவுக்குத் தொழிலாளர் அனுப்புவதை இந்தியா தடை செய்தது. 1939 ஆகஸ்டில் இலங்கைக்கும் தடை. மெக்சிகோ கதையில் கதவை மூடியது ஆள் வாங்கிய அமெரிக்கா. நம் கதையில் மூடியது ஆள் கொடுத்த இந்தியா. அடிமைப்பட்ட நாடாக இருந்தும் அதைச் செய்தது என்பதை நாம் மறக்கக் கூடாது.

மெக்சிகோவிலிருந்து முதல் பிராசெரோக்கள் கலிபோர்னியா போய் இறங்கிய அதே 1942-இல், ஜப்பானியர் பிடியில் இருந்த மலாயாத் தோட்டங்களின் தமிழர்களுக்கு சயாம்–பர்மா ரயில் பாதை வேலை காத்திருந்தது. பல்லாயிரம் பேர் அங்கே மாண்டார்கள். அது தனி அத்தியாயம், பின்னால் வரும்.

பிராசெரோ திட்டம் முடிந்த 1964, இந்தக் கதையிலும் ஒரு முக்கியமான ஆண்டு. அந்த அக்டோபர் 30-இல் இலங்கை, இந்தியப் பிரதமர்களின் சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தம் கையெழுத்தானது. 1948-லிருந்து நாடற்றவர்களாக நின்ற இலங்கை மலையகத் தமிழர்களில் 5,25,000 பேரை இந்தியா எடுத்துக்கொள்ளும், 3,00,000 பேருக்கு இலங்கை குடியுரிமை தரும், மீதி 1,50,000 பேரைப் பற்றிப் பிறகு பேசலாம் என்று இரண்டு தலைநகரங்கள் பங்கு பிரித்தன. அந்த மக்களில் ஒருவரையும் கேட்கவில்லை. கங்காணியோடு போன தாத்தனின் பேரன், தான் பார்த்தேயிராத ஊருக்கு மண்டபம் முகாம் வழியாகத் திரும்பி வந்தான்.

ஆள் அனுப்புவதை ஒழுங்குபடுத்திய 1922-ஆம் ஆண்டுச் சட்டம், 1983-இல் புதிய குடியேற்றச் சட்டம் வரும்வரை இருந்தது. இன்று வளைகுடாவுக்கு ஆள் எடுக்கும் ஏஜென்சிக்கு அரசு லைசென்ஸ் வேண்டும். ஆனால் கிராமத்து வீட்டு வாசலில் உட்கார்ந்து பாஸ்போர்ட்டையும் பணத்தையும் வாங்கிப் போகிறவர் பெரும்பாலும் லைசென்ஸ் இல்லாத சப் ஏஜென்ட், தெரிந்தவர், உறவுக்காரர். கங்காணியிடம் கேட்கத் தவறிய கேள்விகளை இவரிடமாவது கேளுங்கள்: சம்பளம் எவ்வளவு, எந்தக் கம்பெனி, ஒப்பந்தத்தின் நகல் எங்கே, திரும்பி வர யார் டிக்கெட் எடுப்பது?

குள்ளஞ்சாவடி, குறிஞ்சிப்பாடி, பண்ருட்டி, விருத்தாசலம் பக்கத்து வாசகர்களுக்கு ஒரு வேண்டுகோள். மலாயாவிலிருந்தோ இலங்கையிலிருந்தோ வந்த கடிதம், கப்பல் டிக்கெட், பழைய பாஸ்போர்ட், தோட்டத்துப் பற்றுச்சீட்டு எது வீட்டுப் பரணில் கிடந்தாலும் பழைய காகிதக்காரரிடம் போட்டுவிடாதீர்கள். போனவர் பெயர், ஊர், தோட்டம், கூட்டிப்போன கங்காணி யார் என்ற விவரங்களை வீட்டில் உள்ள மூத்தவர்களிடம் கேட்டு இந்த மாதமே எழுதி வையுங்கள். அரசின் பதிவேடுகள் சென்னை எழும்பூர் ஆவணக் காப்பகத்தில் இருக்கின்றன. போனவர் பக்கத்துக் கதை உங்கள் வீட்டில்தான் இருக்கிறது.