கூடத்துக்கு வந்த கச்சேரி

சென்னை மாகாண ரேடியோ கிளப் 1924 மே 16 அன்று தோன்றியது. பொறியாளர் சி. வி. கிருஷ்ணசாமி செட்டியின் முயற்சியில் அதே ஆண்டு ஜூலை 31 அன்று 40 வாட் கருவியுடன் ஒலிபரப்பு தொடங்கியது. நம் நகரத்து வீடுகளின் மாலைப்பொழுதை மாற்றிய வரலாறு அங்கே தொடங்குகிறது.

அதுவரை கச்சேரி கேட்கக் கோயிலுக்கோ சபாவுக்கோ போக வேண்டியிருந்தது. திருவொற்றியூர்த் திரிபுரசுந்தரி மீது தியாகராஜர் பஞ்சரத்தினம் பாடிய பகுதி நம் வட சென்னை. ஆனாலும் இரவுக் கச்சேரிக்குப் போய்வர இங்குள்ள பெண்கள் எத்தனை பேருக்கு வாய்த்திருக்கும்? உண்பதும் உறங்குவதும் விருந்தினரை உட்காரவைப்பதுமாக இருந்த கூடத்துக்கு ரேடியோ புதிய வேலை கொடுத்தது. முதலில் வந்த படிக ரேடியோவைக் காதொலிப்பான் மாட்டிக்கொண்டு ஒருவர்தான் கேட்க முடிந்தது. வால்வு ரேடியோவும் ஒலிபெருக்கியும் வந்த பின்னர் வீடே கூடிக் கேட்டது. மொட்டைமாடியில் ஏரியல் கம்பி ஏறியது. இந்த மாற்றத்தில் வட சென்னைக்கு நேரடிப் பங்கு உண்டு. ரேடியோ இயங்க நகரத்து வீடுகளுக்கு மின்சாரம் தந்தது இப்பகுதியின் பேசின் பிரிட்ஜ் மின் நிலையம்.

ஆனால் ரேடியோ வாங்கப் பணம் வேண்டியிருந்தது. ஆண்டுக்குப் பத்து ரூபாய் உரிமக் கட்டணமும் அன்று கட்ட வேண்டியிருந்தது. ராயபுரத்திலும் காசிமேட்டிலும் ஒற்றை அறையில் குடும்பம் நடத்திய துறைமுகத் தொழிலாளருக்கும் மீனவருக்கும் கூடம் ஏது?

பணமுடையால் 1927 அக்டோபரில் கிளப்பின் ஒலிபரப்பு நின்றது. கருவி மாநகராட்சியிடம் சேர்ந்தது. 1930 ஏப்ரல் 1 முதல் மாநகராட்சியே ஒலிபரப்பியது. மாலையில் இசை ஒலித்தது. மெரினாவில் ஒலிபெருக்கி வைத்து, ரேடியோ இல்லாதவரும் காசில்லாமல் கேட்க வழிசெய்தது. குடிநீரும் தெருவிளக்கும் போல இசையையும் குடிமக்களுக்குச் சேர வேண்டியதாக ஒரு மாநகராட்சி கருதியது பெருமைக்குரியது. 1938 ஜூன் 16 அன்று அகில இந்திய வானொலியின் சென்னை நிலையம் பிறக்கும்வரை அப்பணி தொடர்ந்தது.

வசதி உள்ளவர் வீட்டிலேயே ஓய்வுக்கு இடம் ஒதுக்கிக்கொள்வார். இடமில்லாதவருக்கு அதை ஊர்தான் தர வேண்டும். எண்ணூர்வரை நெருக்கமான வீடுகளில் உழைப்பாளர் வாழும் இப்பகுதிக்குப் பூங்காவும் படிப்பகமும் விளையாட்டுத் திடலும் சலுகை அல்ல, உரிமை. 1930இல் நம் மாநகராட்சி ஏற்ற அந்தப் பொறுப்பை இன்றைய நிர்வாகமும் ஏற்கட்டும்.