சிறுநீர்ப்பை இல்லாமல் மலையேறலாமா?

வத்தலக்குண்டில் பேருந்து ஏறிக் கொடைக்கானலுக்குச் சென்றிருக்கிறீர்களா? ஏறத்தாழ 320 மீட்டர் உயரத்திலிருந்து 2,100 மீட்டருக்கு அந்தப் பாதை ஏறுகிறது. மேலே போகப்போகக் குளிர் மிகும். தோலிலுள்ள இரத்தக் குழாய்கள் சுருங்கும். இரத்தம் உடலின் நடுப்பகுதிக்கு ஒதுங்கும். மிகுதியான நீரைச் சிறுநீரகங்கள் வெளியேற்றத் தொடங்கும். வியர்வையும் இல்லை. வண்டி எப்போது நிற்கும் என்று பயணிகள் தவிப்பது இதனால்தான்.

நமக்கு அது சற்று நேரச் சங்கடம். சிறுநீர்ப்பையே அகற்றப்பட்ட ஒருவர் இந்தப் பேருந்தில் ஏற முடியுமா? இயற்பியல் ஆசிரியனுக்கு இதில் என்ன வேலை என்று கேட்காதீர்கள். விடையில் பாதி நீரோட்டமும் அழுத்தமும் பற்றியதே.

புற்றுநோய் சிறுநீர்ப்பையின் தசைச் சுவருக்குள் ஊடுருவிவிட்டால், பெரும்பாலும் அந்தப் பையையே எடுத்துவிட நேர்கிறது. (இந்நோய்க்குப் புகையிலை முதன்மையான காரணம் என்பதைப் புகைபிடிக்கும் நண்பர்களுக்குச் சொல்லி வையுங்கள்.) ஆனால், பையை எடுத்தாலும் சிறுநீரகங்கள் ஓய்வதில்லை. நாளொன்றுக்கு ஏறத்தாழ ஒன்றரை லிட்டர் நீரை அவை அனுப்பிக்கொண்டே இருக்கும். அந்த நீரை எங்கே விடுவது?

1887இல் ஜெர்மனியின் கொலோன் நகரில் பார்டன்ஹாயர் என்ற அறுவை மருத்துவர் சிறுநீர்ப்பை முழுவதையும் அகற்றினார். சிறுநீரகக் குழாய்களுக்கு அவரால் சரியான வழி அமைக்க முடியவில்லை. நோயாளி பதினான்காம் நாள் இறந்தார். பையை வெட்டி எடுப்பதைவிட, நீருக்கு வழி செய்வதே கடினம் என்பது அன்றே தெரிந்துவிட்டது.

பெருங்குடலில் கொண்டு சேர்த்தால் என்ன? பிறவியிலேயே சிறுநீர்ப்பை திறந்திருந்த ஒரு சிறுவனுக்கு, லண்டனில் ஜான் சைமன் 1851லேயே இதை முயன்று பார்த்திருந்தார். சிறுவன் நெடுநாள் வாழவில்லை. 1911இல் அமெரிக்காவின் காஃபி இணைப்பு முறையைச் செம்மைப்படுத்தியபின் இது பரவலாயிற்று. வெளியே பை வேண்டாம், துணி நனையாது. நல்ல ஏற்பாடுதானே என்று தோன்றும். ஆனால், குடல் வெறும் குழாய் அன்று. உறிஞ்சுவது அதன் தொழில். தேங்கிய சிறுநீரிலிருந்து குளோரைடை அது மீண்டும் இரத்தத்தில் சேர்த்தது. இரத்தம் அமிலத் தன்மை அடைந்தது. மலத்திலிருந்த கிருமிகளோ சிறுநீரகம் வரை ஏறின. அமிலக் கோளாற்றை ஃபெரிஸ், ஓடல் என்ற இருவர் விளக்கி எழுதிய ஆண்டு 1950.

அதே 1950இல்தான் செயின்ட் லூயிஸ் நகர அறுவை மருத்துவர் யூஜின் பிரிக்கர் தம் முறையை வெளியிட்டார். சிறுகுடலின் கடைப்பகுதியில் ஏறத்தாழ ஒரு சாண் நீளத் துண்டை, இரத்த ஓட்டம் கெடாமல் தனியே பிரிக்க வேண்டும். குடலின் மற்ற இரு முனைகளையும் மறுபடி இணைத்துவிட்டால் உணவு வழக்கம்போலச் செல்லும். பிரித்த துண்டின் ஒரு முனையை மூடி, சிறுநீரகக் குழாய்கள் இரண்டையும் அதில் பொருத்தி, மறு முனையை வயிற்றின் வலப்புறத்தில் வெளியே திறந்துவிட வேண்டும். சிவந்த சிறு மொட்டுப்போல் தோன்றும் அந்த வாயே ஸ்டோமா, தொட்டால் வலிக்காது. இந்த ஏற்பாட்டை யூரோஸ்டமி என்பர்.

பிரிக்கரின் சிறப்பு, தேக்கும் ஆசையைக் கைவிட்டதுதான். அவர் அணை கட்டவில்லை, வாய்க்கால் வெட்டினார். நீர் தங்கவில்லை என்றால், உறிஞ்சப்படவும் நேரமில்லை. ஆனால் வாய்க்காலுக்கு மதகு கிடையாது. சொட்டுச் சொட்டாக இரவும் பகலும் வரும் நீரை ஏந்த, தோலில் ஒட்டும் பை வேண்டும். என் கருத்தில், இந்தச் சிகிச்சையின் வரலாற்றில் சரிபாதி அந்தப் பையினுடையது.

தொடக்கத்தில் இருந்தவை பசையால் ஒட்டிய ரப்பர்ப் பைகள். அவை கசிந்தன, தோல் வெந்து புண்ணாயிற்று. 1952இல் கிளீவ்லாந்து மருத்துவமனையின் டர்ன்புல், பல்செட் ஒட்டும் தூளில் இருந்த கராயா பிசின் இத்தோலைக் காப்பதைக் கண்டார். அது நம் நாட்டின் வறண்ட குன்றுகளில் வளரும் ஒரு மரத்தின் பிசின். பழங்குடி மக்கள் சேகரிப்பது. குடல் அறுவை செய்துகொண்டவர்களுக்கு அது பெருந்துணை ஆயிற்று. ஆனால் சிறுநீர் பட்டால் கரைந்துவிடும்! ஆகவே யூரோஸ்டமிக்காரர்கள் மேலும் இருபது ஆண்டுகள் காத்திருந்தனர். ஜெலட்டின், பெக்டின், செல்லுலோஸ் கூட்டுப்பொருள் ஆகியவை கலந்த ஒட்டுத்தட்டு 1970களில் வந்தது.

டர்ன்புல்லிடம் அறுவை செய்துகொண்ட நார்மா கில் என்ற பெண்மணி, 1958 முதல் அதே மருத்துவமனையில் தம்மைப் போன்றவர்களுக்குப் பை பொருத்தக் கற்றுக்கொடுத்தார். பம்பாயில் 1975இல் இந்திய ஆஸ்டமி சங்கம் தோன்றியது. பைக்கு அஞ்சி அறுவையே வேண்டாம் என்பவருக்கு, அதனுடன் வாழ்பவரின் சொல் மருத்துவர் சொல்லைவிட எளிதில் எட்டும்.

இனிப் பேருந்துக்கு வருவோம். மலையுச்சியில் காற்றழுத்தம் அடிவாரத்தைவிட ஐந்தில் ஒரு பங்கு குறைவு. அடைபட்ட காற்று கால் பங்கு விரியும். சிப்ஸ் பொட்டலம் உப்புவது இதனால்தான். பையில் இருப்பதோ பெரும்பாலும் நீர், அது விரியாது. வளைவுகளில் உடல் சாய்ந்தாலும் உள்ளேயிருக்கும் ஒருவழி வால்வு நீரைத் திரும்ப விடாது. கவலை குளிர் ஒன்றுதான்: பை விரைவில் நிரம்பும். அதற்காகத் தண்ணீர் குடிப்பதைக் குறைக்கக் கூடாது, கிருமித்தொற்று வரும். வத்தலக்குண்டில் ஒருமுறை, வழியில் வண்டி நிற்குமிடத்தில் ஒருமுறை, பை பாதி நிரம்புவதற்குள் அடியிலுள்ள குழாயைத் திறந்து காலி செய்துகொள்ள வேண்டும். இரவு விடுதியில் பெரிய பை ஒன்றைக் குழாயால் இணைத்துக் கட்டிலுக்குக் கீழே தொங்கவிட்டால், விடியும்வரை எழ வேண்டியதில்லை. கொடைக்கானல் குளிரில் நாம் இரண்டு முறையாவது எழுந்திருப்போம்.